லென்ஸுக்குள் பூஞ்சை, பிரித்துச் சரிசெய்ய ஆள் தேவை

நண்பர்களே, 200-600 ஜூம் லென்ஸ் மக்கர் பண்ணுகிறது, படப்பிடிப்பு அப்படியே நிற்கிறது. சுசீந்திரம், தேரூர் குளங்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிறேன். 2022-இல் ராம்சார் பட்டியலில் (உலக அளவில் முக்கியமான ஈரநிலங்களின் பட்டியல்) இடம்பிடித்த நீர்நிலைகள், ஆனால் கரையில் குடியிருப்பவர்களிலேயே நான் பேசிய பலருக்கு அது தெரியவில்லை, அதற்காகத்தான் இந்தப் படமே.

மூன்று வாரம் முன்பு மணக்குடியில், பழையாறு கடலில் சேரும் இடத்தில், இரண்டு நாள் விடியற்காலை உப்புக்காற்றில் நின்று எடுத்தேன். அப்புறம்தான் தொந்தரவு. ஜூம் வளையத்தைத் திருப்பினால் மணல் அரைபடுவது போல நறநறவென்கிறது, 400-ஐத் தாண்டினால் ஃபோகஸ் நிற்காமல் முன்னும் பின்னும் அலைகிறது. டார்ச் அடித்துப் பார்த்தேன், முன்கண்ணாடிக்குப் பின்னால் சிலந்தி நூல் மாதிரி வெள்ளை இழைகள்.

சிலிக்கா ஜெல் போட்ட டப்பாவில் ஒரு வாரம் வைத்தேன், பின்பக்கத் தொடுமுனைகளைத் துடைத்தேன், நண்பரின் கேமராவிலும் மாட்டிப் பார்த்தேன், அதே கதைதான். நாகர்கோவிலில் கேட்ட இரண்டு கடையிலும் வெளியே மட்டும் துடைத்துத் தருவார்களாம். சென்னைக்கு அனுப்பினால் ஐந்து வாரம், அதற்குள் வலசைப் பறவைகள் கிளம்பிவிடும்.

குமரி மாவட்டத்திலோ திருவனந்தபுரத்திலோ லென்ஸைப் பிரித்து, பூஞ்சை நீக்கி, பத்து நாளில் ஒழுங்காகப் பூட்டித் தருகிறவர் யாரையாவது உங்களுக்கு நேரடியாகத் தெரியுமா?