மறுமொழி: கோப்பின் வகையைக் காட்டும் பைட்டுகளுக்கு என்ன பெயர்?

குழுவினருக்கு வணக்கம்.

சோனியின் பிஎஸ்பி (PSP) கையடக்க விளையாட்டுக் கன்சோலில் ஐகான், பின்புலப் படம் மாற்றுவதற்கான தமிழ்க் கையேட்டுக்காகவே இந்தச் சொல் தேவைப்படுகிறது. வந்த பரிந்துரைகளுக்கு என் கருத்து:

> ‘மாய எண்’ என்றே இருக்கட்டுமே, பழகிவிட்டது.

பழகியதுதான் ஐயா, ஆனால் பயன் விளங்கவில்லை. பிஎஸ்பி விளையாட்டும் அதன் ஐகான், படங்களும் அடங்கிய பிபிபி (PBP) கோப்பை, பைட்டுகளை அப்படியே காட்டும் ஹெக்ஸ் எடிட்டரில் திறந்தால் முதல் பைட் சுழியம். அடுத்த மூன்றும் கோப்புப் பெயரின் பின்னொட்டில் (.PBP) உள்ள அதே எழுத்துகள். பிறகு பதிப்பெண், அதன்பின், உள்ளே அடங்கிய எட்டுப் பகுதிகளும் எங்கெங்கே தொடங்குகின்றன என்ற முகவரிகள். ஆக 40 பைட். 144×80 ஐகானை மாற்றி அதன் அளவு கூடிவிட்டால், பின்னால் வரும் முகவரிகளை எல்லாம் திருத்த வேண்டும். முதல் நான்கு பைட்டில் மட்டும் கைவைக்கக் கூடாது. அவற்றைப் பார்த்துத்தான் இது பிபிபி என்று தெரிகிறது. இதில் மாயம் ஏதுமில்லை.

> கோப்புக் கையொப்பம்?

இது வேண்டவே வேண்டாம். கன்சோல்காரர்களுக்குக் கையொப்பம் என்றால், இது அசல்தான் என்று தயாரிப்பாளர் இடும் மின்னொப்பம். நிண்டெண்டோ வீ (Wii) கன்சோலின் ‘ட்ருச்சா’ வழுவை எடுத்துக்கொள்ளுங்கள். ஹாஷ்களை (உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் சரிபார்ப்பு மதிப்புகளை) எழுத்துச்சரம் போல ஒப்பிட்டதால், சுழியப் பைட் வந்ததுமே சரம் முடிந்ததாகக் கொண்டு ஒப்பீடு நின்றது. போலி ஒப்பமும் செல்லுபடியானது. இதை விளக்கும் பத்தியிலேயே கோப்புக் கையொப்பமும் வந்தால் படிப்பவர் எதை எதுவென்று கொள்வார்? ‘முத்திரை’க்கும் இதே சிக்கல்: அதிகாரமுள்ள யாரோ உறுதியளித்தது போல ஒலிக்கிறது. இந்தப் பைட்டுகளையோ யார் வேண்டுமானாலும் எழுதலாம்.

> தொடக்கக்குறி

ஐஎஸ்ஓ கோப்பு மட்டும் இல்லையென்றால் இதையே ஏற்றிருப்பேன். பிஎஸ்பி விளையாட்டுகள் வந்த யுஎம்டி வட்டின் படிமம் (முழு நகல் கோப்பு) ஐஎஸ்ஓ 9660 வடிவம். அதில் முதல் 32,768 பைட்டுகளைத் தாண்டிய பிறகே வகையைக் காட்டும் ‘சிடி001’ (CD001) வருகிறது. தொடக்கத்தில் இல்லாததைத் தொடக்கக்குறி என்பது எப்படி?

ஆகவே வகைக்குறி என்று பரிந்துரைக்கிறேன். எங்கே இருந்தாலும் பொருந்தும். யாரும் உறுதியளித்ததாகவும் தோன்றாது. பின்னொட்டோடு குழம்பும் என்று அம்மா ஒருவர் எழுதியிருந்தார். பின்னொட்டு கோப்பின் பெயரில் இருப்பது, வகைக்குறி கோப்புக்குள் இருப்பது என்று முதல் இடத்திலேயே ஒரு வரி சேர்த்துவிடலாம்.

வாக்கியத்தில் வைத்துப் பாருங்கள்: “பின்னொட்டை மாற்றினாலும் வகைக்குறி மாறாது, ஐயம் வந்தால் வகைக்குறியைப் பாருங்கள்.”

மறுப்பவர்கள் தங்கள் சொல்லையும் இதே வாக்கியத்தில் பொருத்தி அனுப்புங்கள்.

நன்றி.