அம்மாவ பத்தாவதோட நிப்பாட்டி எஸ்டேட் வேலைக்கு விட்டது ஏன்? மூணாறு பக்கம் இருந்தவங்க சொல்லுங்க

குரங்கணி காத்து:
எல்லாருக்கும் வணக்கம். நாங்க இப்ப போடில இருக்கோம், ஆனா அம்மா வீட்டு ஆளுக எல்லாம் மூணாறு பக்கம் தேயிலை எஸ்டேட்ல இருந்தவங்க. தாத்தாவோட அப்பா சங்கரன்கோவில் பக்கத்துல இருந்து, தோட்டத்துக்கு ஆள் சேத்து கூட்டிட்டுப் போற கங்காணி கூட மலையேறி வந்தவராம். விஷயம் என்னன்னா, எங்க அம்மா நல்லா படிக்கும், இப்பவும் தினத்தந்திய ஒரு எழுத்து விடாம படிக்கும். 1982ல தாத்தா செத்ததும் பத்தாவது படிச்சிட்டிருந்த புள்ளைய நிப்பாட்டி கொழுந்து எடுக்க அனுப்பிட்டாங்க. ஆனா மாமா மட்டும் போடில ரூம் எடுத்து காலேஜ் படிச்சாரு. அம்மாச்சிகிட்ட இத கேட்டா ஒரே பதில்தான், "வீடு போயிரும்லடா". என்ன வீடு, யாரு வீடு, அதுக்கும் படிப்புக்கும் என்ன சம்பந்தம்னு கேட்டா வாயத் தொறக்க மாட்டேங்குது. ஆம்பளப் புள்ள பொம்பளப் புள்ளன்னு பாத்த ஓரவஞ்சனைனுதான் இவ்ளோ நாள் நெனச்சிட்டிருக்கேன். அம்மாச்சிக்கு 80 தாண்டிருச்சு, கோவத்தோடயே இருக்க வேணாம்னு தோணுது, அதான் கேக்குறேன்.

லயத்துப் பய:
தம்பி நான் தேவிகுளம் பக்கம் ஒரு எஸ்டேட்ல லயத்துலயே பொறந்து வளந்தவன், இப்ப வயசு 54. உங்க அம்மாச்சி சொன்னது ஒரு வரியா இருந்தாலும் மொத்த கதையும் அதுலதான் இருக்கு.

லயம்னா வரிசையா ஒட்டி ஒட்டி கட்டுன வீடுக, ஒரு ரூமு, ஒரு அடுப்படி, முன்னாடி ஒரு சின்ன திண்ணை. பக்கத்து வீட்டுல தாளிச்சா நமக்கு தும்மல் வரும். அந்த வீடு நம்மளுது கெடையாது, கம்பெனிது. வீட்டுல யாராச்சும் ஒருத்தர் பேரு செக்ரோல்ல, அதாவது எஸ்டேட் வேலையாளுக பேரேட்டுல, இருக்குற வரைக்கும்தான் இருக்கலாம். தாத்தா போய்ட்டாரு, அம்மாச்சி அப்ப வேலைல இருந்துச்சா இல்லையான்னு நீங்க சொல்லல. இல்லேன்னா அந்த வீட்டுல செக்ரோல்ல ஒரு பேரும் இல்லைன்னு அர்த்தம். சாமான் சட்டிய எடுத்துட்டு எறங்கணும். எங்க எறங்குவாங்க? சங்கரன்கோவில்ல காணியா இருக்கு? இருந்திருந்தா கங்காணி கூட ஏன் வரப்போறாங்க.

கங்காணி காலத்துல ஆள புடிச்சு வச்சது கடன். ஊர்லயே முன்பணம் குடுத்து, வழிச் செலவு, கம்பிளி எல்லாம் கணக்குல ஏத்தி கூட்டியாருவாங்க, வருஷக் கணக்கா உழைச்சாலும் அந்த நோட்டு தீராது. வெள்ளைக்காரன் அவன் ஆண்ட இந்தியப் பகுதில 1859லயே சட்டம் போட்டுட்டான், அட்வான்ஸ் வாங்கிட்டு வேலைக்கு வராதவன ஜெயில்ல போடலாம்னு. மூணாறு அப்ப திருவிதாங்கூர் ராஜா சீமை, அங்கயும் அதே மாதிரி சட்டம் இருந்துச்சு. இந்த மலையவே 1877ல மன்றோன்னு ஒரு துரை பூஞ்சாறு ராஜாகிட்ட இருந்து எழுதி வாங்குனதுதான். ரோடு இல்லாத காலம், குரங்கணி வழியா மலை மேல இருக்குற டாப் ஸ்டேஷனுக்கு நடைதான், தேயிலைப் பெட்டி மட்டும் கம்பில தொங்கிட்டு ஜாலியா கொட்டகுடிக்கு எறங்கும். மூணாறுல இருந்து டாப் ஸ்டேஷனுக்கு ஒரு குட்டி ரயிலு கூட ஓடுச்சு, 1924 வெள்ளத்துல அடிச்சிட்டுப் போனது போனதுதான்.

அப்புறம் சுதந்திரம் வந்து 1951ல தோட்டத் தொழிலாளர் சட்டம் வந்துச்சு. தோட்டத்துல தங்கி வேலை பாக்குறவங்களுக்கும் குடும்பத்துக்கும் மொதலாளி வீடு குடுக்கணும், ஆஸ்பத்திரி வசதி வேணும், 50 பொம்பளைக்கு மேல வேலை பாத்தா பிள்ளை பாத்துக்க ஒரு எடம் வேணும்னு எல்லாம் நல்ல நல்ல விஷயம். கங்காணி கடன் போச்சு, வீடு வந்துச்சு. ஆனா எனக்கு தெரிஞ்சு ஆள புடிச்சு வச்ச அந்தக் கடனோட எடத்துல இந்த வீடு வந்து உக்காந்துக்கிச்சு. அதே சட்டத்துல 12 வயசு முடிஞ்சா வேலைக்கு எடுக்கலாம்னு இருந்துச்சு, அதையும் ஞாபகத்துல வச்சுக்கோங்க. உங்க அம்மாவுக்கு அப்ப 16 இருக்கும், யாரும் ஒரு வார்த்த கேட்டுருக்க மாட்டாங்க.

அப்ப மாமாவ ஏன் வேலைக்கு விடலன்னா, அது எங்க லயத்துலயும் அப்படித்தான். கொழுந்து எடுக்குறது பொம்பள வேலை, ஆள் எப்பவும் வேணும், டெம்பரவரியா பேரு குடுத்தா சீக்கிரம் பெர்மனென்ட் ஆகும். பையனுக்கு மருந்தடிக்கிறது, கவாத்துன்னு (செடிய வெட்டி விடுறது) வேலை இருக்கும் ஆனா எடம் கம்மி. ஓரவஞ்சனை இல்லேன்னு நான் சொல்ல மாட்டேன். இருந்துச்சு.

சும்மா ஒருத்தன்:
தப்பா எடுத்துக்க வேணாம் ஆனா ஒண்ணு கேக்குறேன், மூணு தலைமொறை அங்க இருந்தாங்கல்ல, கரண்டு ஃப்ரீ வெறகு ஃப்ரீன்னு சொல்லுவாங்க, மிச்சம் புடிச்சு கீழ போடிலயோ தேவாரத்துலயோ ரெண்டு சென்ட் வாங்கி போட்டிருக்கலாமே. எங்க ஊர்ல கொத்தனார் வேலை பாக்குறவங்களே வீடு கட்டிட்டாங்க. எல்லாத்துக்கும் கம்பெனிய கொற சொல்றது சரியில்ல.

கணக்கு பாண்டி:
@சும்மா ஒருத்தன் சரி வாங்க கணக்கு போடுவோம். 2015ல அங்க ஒரு நாள் சம்பளம் 232 ரூபா. ரிட்டயர் ஆகும்போது மொத்தமா தர்ற கிராஜுவிட்டிக்கு சட்டம் 1972ல வந்தது, ஒரு வருஷ சர்வீசுக்கு 15 நாள் சம்பளம். 35 வருஷம் முழுசா தேயிலைக்குள்ள நின்னு அந்த வருஷம் ரிட்டயர் ஆன ஒரு பொம்பளைக்கு 232 பெருக்கல் 15 பெருக்கல் 35, மொத்தம் 1,21,800 ரூபா. இதுல போடில ரெண்டு சென்ட் வாங்கிக் காட்டுங்க பாக்கலாம். பி.எஃப்.னு ஒண்ணு வரும், அதுல பாதிய கல்யாணத்துக்கும் ஆஸ்பத்திரிக்கும் முன்னாடியே எடுத்திருப்பாங்க.

இன்னொரு கூத்து கேளுங்க. எங்க பெரியப்பா ரிட்டயர் ஆனப்ப வீட்ட காலி பண்ணி சாவிய ஒப்படைச்சாதான் பணம்னுட்டாங்க, பணம் வந்தாதான் வேற வீடு பாக்க முடியும்னு இவரு. ஏழெட்டு மாசம் இழுத்துச்சு. கடைசில பெரியம்மா தங்கச்சி வீட்டு மாட்டுக் கொட்டாய் ஓரமா தகரம் போட்டு இருந்தாங்க. எந்த எஸ்டேட்னு சொல்லல, வேணாம்.

அந்த 232 ரூபாய வச்சுத்தான் 2015 செப்டம்பர்ல பொம்பளைங்க ரோட்டுல உக்காந்தது, அவங்க கூட்டத்துக்கு பேரு பொம்பிளை ஒருமை. போனஸ 10 சதவீதமா கொறச்சதுதான் ஆரம்பம். யூனியன் தலைவருங்க வந்தப்ப கிட்டயே சேக்கல, தொரத்தி விட்டாங்க, ஒம்பது நாளு மூணாறு ரோடு அவங்க கைல. 20 சதவீதம் வாங்குனாங்க. சம்பளம் 500 கேட்டதுக்கு 301தான் வந்துச்சு, அது வேற.

கம்பம் மெட்டு:
நான் கம்பம். எங்க வீட்டுல எல்லாம் ஏலக்காய் காடுதான், அது வேற மாதிரி. காலைல நாலரைக்கு எந்திரிச்சு சோத்து வாளிய கட்டிக்கிட்டு அஞ்சே கால் ஜீப்புல ஏறணும், ஒரு ஜீப்புல பதினஞ்சு பதினாறு பேரு, பின்னாடி கம்பிய புடிச்சு தொங்கிட்டு வர்றவங்க தனி. கம்பம்மெட்டோ குமுளியோ ஏறி வண்டன்மேடு நெடுங்கண்டம்னு எறங்கி காய் எடுத்துட்டு சாயங்காலம் திரும்ப நம்ம வீடு. ஆக வீடு நம்மளுது, ஆனா வேலைக்கு எந்த பிடிமானமும் கெடையாது. நாளைக்கு ஜீப்பு வராட்டி நாளைக்கு கூலி இல்ல. 2020ல கொரோனாவுல கேரளா பார்டர மூடுனப்ப எங்க தெருவே வாசல்ல உக்காந்து மலையப் பாத்துட்டு இருந்துச்சு, காய் அங்க பழுத்து உதுருது, ஆளு இங்க. மேல லயத்துல இருக்குறவங்களுக்கு வேலையும் உண்டு வீடும் உண்டுன்னு எங்க ஆத்தா பொறாமையா பேசும். இத படிச்சப்புறம் எது தேவலைன்னு எனக்கு சொல்லத் தெரியல.

லயத்துப் பய:
@கம்பம் மெட்டு பொறாமைப்பட ஒண்ணும் இல்லக்கா. அதே வருஷம் ஆகஸ்ட் 6 ராத்திரி மூணாறு பக்கம் பெட்டிமுடில மலை சரிஞ்சு நாலு லயம் மண்ணுக்குள்ள போச்சு, 70 பேரு. எங்க சொந்தத்துலயும் உண்டு, அதுக்கு மேல எழுத முடியல. பெறகு குட்டியாறுல அரசாங்கம் எடம் குடுத்து எட்டு குடும்பத்துக்கு வீடு கட்டுனாங்க. நாலஞ்சு தலைமொறைக்கு அப்புறம் அந்த எட்டு பேருக்கு சொந்தமா பட்டா. அதுக்கு குடுத்த வெலைய பாத்தீங்களா.

@குரங்கணி காத்து தம்பி, அம்மா எத்தன வருஷம் வேலை பாத்துச்சு? பென்ஷன் வருதா?

குரங்கணி காத்து:
எல்லாருக்கும் ரொம்ப நன்றி. நேத்து ராத்திரி இத பூரா அம்மாவுக்கும் அம்மாச்சிக்கும் படிச்சுக் காட்டுனேன். அண்ணன் கேட்டது சரிதான், அம்மாச்சிக்கு இழுப்பு வந்து 79லயே வேலைய விட்டிருச்சாம், அதனால தாத்தா செத்தப்ப செக்ரோல்ல ஒரு பேரும் இல்ல. காரியம் முடிஞ்ச மறுநாளே ஆபீஸ்ல இருந்து ஆளு வந்து யாரு பேரு குடுக்கப் போறீங்கன்னு கேட்டானாம். மாமா அப்ப போடில பரீட்சைல இருந்தாரு. அம்மாதான் அடுப்படில இருந்து வந்து நான் வர்றேன்னு சொல்லுச்சாம், இத இத்தன வருஷத்துல எங்கிட்ட ஒரு தடவ சொல்லல. அம்மாச்சி என் மேல கோவமாயிருச்சு, "நான் எங்கடா நிப்பாட்டுனேன், ஊரெல்லாம் எழுதி வச்சிருக்கான் பாரு"ன்னு.

மொதநாள் பெரட்டுக்களத்துல (காலைல வேலைக்கு ஆள் பிரிச்சு விடுற எடம்) படுதாவ எப்படி கட்டணும்னு தெரியாம நின்னப்ப பக்கத்து வீட்டு அக்காதான் இடுப்புல இறுக்கி கட்டி விட்டுச்சாம். அட்டை கடிக்கு பொகையிலையும் சுண்ணாம்பும் தேச்சுக்கிட்டது, மொத சம்பளத்துல மாமாவுக்கு பரீட்சை பீஸ் அனுப்புனதுன்னு மணி பன்னெண்டு வரைக்கும் பேச்சு.

82ல இருந்து 99 வரைக்கும் 17 வருஷம். பென்ஷன் ஒண்ணும் வரல அண்ணே, அப்படி ஒண்ணு இருக்குன்னே எங்களுக்கு தெரியாது.

கணக்கு பாண்டி:
அட, உடனே பாருங்க. 95ல பென்ஷன் திட்டம் வந்துச்சு, 10 வருஷத்துக்கு மேல சர்வீஸ் இருந்தா 58 வயசுல இருந்து மாசாமாசம் வரணும். பி.எஃப். பணத்த எடுத்திருந்தாலும் பென்ஷன் பங்கு தனி. கொறஞ்சபட்சம் ஆயிரம் ரூபா. பார்ம் 10-டி போடணும், பழைய பி.எஃப். நம்பர் வேணும். சீட்டு எதுவும் இல்லாட்டி எஸ்டேட் ஆபீஸ்ல அம்மாவோட செக்ரோல் நம்பர சொன்னா பழைய லெட்ஜர்ல தேடித் தருவாங்க. நம்பர் தெரியுமான்னு கேளுங்க.

குரங்கணி காத்து:
கேட்டேன். தோசை ஊத்திட்டே திரும்பிப் பாக்காம 417ன்னு சொல்லுச்சு. இத்தனைக்கும் அதோட செல் நம்பர் என்னன்னு கேட்டா இன்னிக்கும் எங்கிட்டதான் கேக்கும்.