பரதீசு எங்கே இருக்கிறது? தெரிந்தவர்கள் உதவுங்கள்

வணக்கம் நண்பர்களே. அடுத்த ஞாயிறு எங்கள் வேதபாட வகுப்பில் லூக்கா 23:43 நான் எடுக்க வேண்டும். சிலுவையில் தொங்கும் கள்ளனிடம் இயேசு "இன்றைக்கு நீ என்னுடனேகூடப் பரதீசிலிருப்பாய்" என்கிறாரே, அந்த வசனம். சுலபம் என்று நினைத்து உட்கார்ந்தேன், மாட்டிக்கொண்டேன்.

'பரதீசு' என்ற சொல்லின் வேர் பழைய ஈரானிய மொழி, சுவர் சூழ்ந்த தோட்டம் என்று பொருள். எபிரேயத்தில் அது 'பர்தேஸ்' ஆகி, நெகேமியா 2:8-இல் வெறும் ராஜாவின் வனமாக வருகிறது. பழைய ஏற்பாட்டைக் கிரேக்கத்தில் பெயர்த்தவர்கள் ஏதேன் தோட்டத்துக்கும் இதே சொல்லைப் போட்டுவிட்டார்கள். இதுவரை சரி.

அப்புறம்தான் குழப்பம். பழைய யூத நூலான 1 ஏனோக்கில் நீதியின் தோட்டம் பூமியிலேயே, வெகு தூரம் கிழக்கே இருக்கிறது. பவுலோ 2 கொரிந்தியர் 12-இல் மூன்றாம் வானத்தையும் பரதீசையும் அடுத்தடுத்துச் சொல்கிறார். இரண்டும் ஒரே இடமா? வெளிப்படுத்தின விசேஷம் 2:7-இல் ஜீவவிருட்சமும் அங்கே வந்துவிடுகிறது.

என் கேள்வி இதுதான்: முதல் நூற்றாண்டு யூதர் காதில் 'பரதீசு' எப்படி விழுந்திருக்கும்? உயிர்த்தெழுதல் வரை நீதிமான்கள் காத்திருக்கும் இடமாகவா, தேவன் வாழும் பரலோகமாகவா? கத்தோலிக்கரின் திருவிவிலியம் 'பேரின்ப வீடு' என்கிறது. அழகான தமிழ்தான், ஆனால் தோட்டம் காணாமல் போய்விட்டதே!

ஏனோக்கு தமிழில் கிடைக்குமா? நல்ல விளக்கவுரை இருந்தாலும் சொல்லுங்கள். சனிக்கிழமைக்குள் கிடைத்தால் பெரிய உதவி.