புதுப்பிப்பு: சிச்சென் இட்சா போய் வந்தாச்சு

மெக்சிகோவின் கான்குன் நகரிலிருந்து, பழைய மாயா நகரமான சிச்சென் இட்சாவுக்கு வழிகாட்டியோடு ஒரு நாள் பயணம் போகலாமா என்று முன்பு கேட்டிருந்தேன். தாராளமாகப் போகலாம். குகுல்கான் பிரமிடில் ஏற இப்போது அனுமதி இல்லை. ஆனால் படிக்கட்டுக்கு நேரெதிரே நின்று கை தட்டினால், எதிரொலி பறவை கீச்சிடுவது போலத் திரும்பி வருகிறது! நான்கு பக்கமும் படிக்கட்டு; பக்கத்துக்கு 91 படி, உச்சி மேடையையும் சேர்த்தால் 365. பந்தாட்டக் களத்தில் இன்னும் கொஞ்ச நேரம் விட்டிருக்கலாம். நடுவில் நினைவுப்பொருள் கடையில் வண்டியை நிறுத்தியது வீண்.

அப்புறம் இக் கில் செனோட்டே. சுண்ணாம்புப் பாறைக் கூரை இடிந்து உண்டான பள்ளம். படியிறங்கிப் போனால் நிலத்தடி நீர், மேலிருந்து தொங்கும் வேர்கள். இறங்குமுன் சன்ஸ்கிரீன் போகக் குளித்துவிட வேண்டும். நீச்சல் தெரியாதவர்களுக்கு: லைஃப் ஜாக்கெட் தருகிறார்கள்.