ட்ரெஷர் கம்பெனி கேம்கள்: உங்களுக்கு எப்படி அறிமுகம்?

பழைய கேசட்:

ட்ரெஷர் ஒரு சின்ன ஜப்பானிய கேம் கம்பெனி. கோனாமி என்ற பெரிய கேம் கம்பெனியில் வேலை பார்த்த சிலர் 1992-இல் வெளியே வந்து தொடங்கியது. தலைவர் மசாடோ மயேகாவா. ஓடிய கேமுக்கே இரண்டாம் பாகம், மூன்றாம் பாகம் என்று செய்துகொண்டிருப்பதில் அவர்களுக்கு அலுப்பு. சொந்தமாக ஒன்று செய்ய வேண்டும் என்று 'கன்ஸ்டார் ஹீரோஸ்' யோசனையை, மெகா டிரைவ் என்ற கேம் இயந்திரத்தை விற்ற சேகா கம்பெனியிடம் கொண்டுபோனார்கள். சேகா உடனே தலையாட்டவில்லை. மெக்டொனால்ட்ஸ் கோமாளியை வைத்து ஒரு கேம் செய்து தரச் சொன்னது. அதை ஒப்புக்கொண்டு வேலையை ஆரம்பித்தார்கள். சில மாதம் கழித்துக் கன்ஸ்டாருக்கும் அனுமதி கிடைத்தது. முதலில் முடிந்தது கோமாளி கேம்தான். ஆனால் நம் பெயரில் முதலில் வருவது சொந்தச் சரக்காக இருக்க வேண்டும் என்று அதைக் கொஞ்சம் தள்ளிவைத்து, 1993 செப்டம்பரில் கன்ஸ்டாரை முன்னால் விட்டார்கள். வாடகைக்கு ஒரு வேலை, மனசுக்கு ஒரு வேலை என்று இரண்டையும் கடைசிவரை ஓட்டிய கம்பெனி இது.

கன்ஸ்டாரை நான் என் அண்ணனோடு மெகா டிரைவில் ஆடியிருக்கிறேன். நான்கு வகை ஆயுதம், இரண்டிரண்டாகக் கலந்துகொள்ளலாம், மொத்தம் 14 விதம். எதிரியைத் தானே தேடிப்போகும் சேசரோடு மின்னலைச் சேர்த்துக்கொள்வான் அண்ணன். குறி பார்க்கவே வேண்டாம். சோம்பேறி ஆயுதம் என்று நான் திட்டுவேன். பதிலுக்கு என்னைத் தூக்கி எதிரிமேல் எறிவான். ஆமாம், கூட ஆடுகிறவனையே தூக்கி எறிய அந்த கேமில் வசதி உண்டு! சுரங்கத்து வண்டியில் வரும் பாஸ், அதாவது கட்டத்தின் பெரிய எதிரி, ஏழு உருவம் எடுப்பான். இன்னொரு கட்டத்தில் தாயம் மாதிரி பகடை உருட்டி, விழுந்த கட்டத்துக்கு ஏற்ற சண்டை போட வேண்டும். அந்தப் பகடைக் கட்டத்தால் எங்கள் வீட்டில் நடந்த அடிதடிக்கு அம்மாதான் சாட்சி.

சரி, மற்றவர்கள் சொல்லுங்கள்.

ஷூட்டர் பைத்தியம்:

அண்ணே, எனக்கு ட்ரெஷரின் விமானச் சண்டை கேம் 'இகாருகா'. வேலை விஷயமாக டோக்கியோ போனபோது தகாதனோபாபாவில் மிகாடோ என்ற கேம் சென்டரைத் தேடிப் போனேன். ஸ்டேஷனிலிருந்து நடக்கிற தூரம்தான். 100 யென் நாணயம் போட்டால் ஒரு ஆட்டம்.

ஆடாதவர்களுக்காக: நம் விமானம் ஒரு பட்டனில் கறுப்பாகும், வெள்ளையாகும். வெள்ளையாக இருந்தால் வெள்ளைக் குண்டு ஒன்றும் செய்யாது, உள்ளே இழுத்துக்கொள்ளலாம். இழுத்த சக்தியைச் சேர்த்துவைத்து, தானாக எதிரியைத் துரத்தும் லேசராக விடலாம், ஒரே நேரத்தில் 12 வரை. மாற்று நிற எதிரியைச் சுட்டால் இரட்டிப்பு அடி. ஆனால் அவன் குண்டு நம்மைக் கொல்லும். அதோடு ஒரே நிறத்தில் மூன்று மூன்றாக வீழ்த்தினால் சங்கிலி போட்டு ஸ்கோர் ஏறும். விதி அவ்வளவுதான், மொத்தம் ஐந்து கட்டம். கேட்க எளிது, கை மட்டும் கேட்காது.

எனக்கு முன்னால் கோட்டு போட்ட ஒருவர் ஆடிக்கொண்டிருந்தார். அலுவலகம் முடிந்து நேராக வந்திருப்பார் போல, பை காலடியில். அவர் சுட்டதைவிடச் சுடாமல் இருந்ததுதான் எனக்கு ஆச்சரியம். சங்கிலி உடையக் கூடாது என்று கைக்கெட்டும் எதிரிகளைச் சும்மா போகவிட்டார். ஒரு குண்டுகூடச் சுடாமல் ஒரு கட்டத்தை முடிக்கலாம், அதற்குத் தனிப் பட்டமே கேமில் இருக்கிறது. பாஸ்கூட நேரம் முடிந்தால் கிளம்பிப் போய்விடுவான்.

இதை இயக்கியவர் ஹிரோஷி இயுச்சி. இசையும் அவரே. 2001 டிசம்பரில் ஆர்கேடுக்கு, அதாவது காசு போட்டு ஆடும் இயந்திரத்துக்கு, வந்தது. வேலையில் கைகொடுத்தது ஜி.ரெவ் என்ற இன்னொரு குட்டி கம்பெனி, டைட்டோ என்ற கேம் கம்பெனியிலிருந்து வெளியே வந்தவர்கள் நடத்தியது. இப்படி வெளி வேலை செய்த காசைப் போட்டு அவர்கள் 'பார்டர் டவுன்' என்று சொந்தமாக ஒன்றை எடுத்தார்கள். ட்ரெஷர் கதையேதான், இல்லையா?

தூங்காதவன்:

எல்லாரும் புகழ்கிறீர்கள், நான் கொஞ்சம் மாற்றிச் சொல்கிறேன். ட்ரெஷரின் இன்னொரு விமானச் சண்டை கேம் 'ரேடியன்ட் சில்வர்கன்' 1998-இல் வந்தது. சேகாவின் சாட்டர்ன் இயந்திரத்துக்கான பதிப்பு ஜப்பானில் மட்டும். அதனால் பழைய டிஸ்க்குக்கு யானை விலை. நான் 2022-இல் நின்டெண்டோவின் ஸ்விட்ச் இயந்திரத்துக்கு வந்ததும் வாங்கினேன். தொடக்கத்திலிருந்தே ஏழு ஆயுதமும் கையில். மூன்று பட்டனை மாற்றி மாற்றிச் சேர்த்து அழுத்த வேண்டும். புள்ளி எடுக்க எடுக்கத்தான் ஆயுதம் வலுவாகும். ஸ்கோரில் அக்கறை இல்லாமல் உயிரோடு மட்டும் போனால், பின்னால் வரும் பாஸைச் சுரண்டிக்கொண்டே இருக்க வேண்டியதுதான். எட்டு மணி நேர வேலைக்கு அப்புறம் இன்னொரு வேலை மாதிரி இருந்தது. ஹிடோஷி சகிமோடோவின் இசைக்காக மட்டும் இன்னும் டிலீட் பண்ணவில்லை.

பழைய கேசட்:

தம்பி சொல்வதில் நியாயம் இருக்கிறது. ட்ரெஷர் யாரையும் கொஞ்சாது. 1995-இல் வந்த 'ஏலியன் சோல்ஜர்' கிட்டத்தட்ட பாஸ்கள் மட்டும்தான், நடுவில் மூச்சுவிடக்கூட வழி கிடையாது. அது மெகா டிரைவின் மூளையான 68000 சிப்புக்கு எழுதிய காதல் கடிதம், அந்த எண்ணைத் தலைப்புத் திரையிலேயே போட்டிருப்பார்கள்.

ஒரு வேடிக்கை. தொடர்பாகம் வேண்டாம் என்று கோனாமியை விட்டு வந்தவர்களிடம், 2004-இல் 'கிரேடியஸ் V' செய்து தரச் சொன்னது அதே கோனாமி. ஐந்தாம் பாகம்! செய்தார்கள், இயக்கியது இயுச்சி. என்னைக் கேட்டால் அந்த வரிசையிலேயே சிறந்தது. 2014-இல் 'கைஸ்ட் க்ரஷர் காட்' வந்த பிறகு அவர்களிடமிருந்து புத்தம்புது கேம் எதுவும் இல்லை. பழையவை மறுபடி வருவதோடு சரி.

தூங்காதவனுக்கு ஒரு யோசனை. நின்டெண்டோ ஸ்விட்ச் ஆன்லைன் என்ற சந்தாவில் எக்ஸ்பான்ஷன் பேக் என்ற கூடுதல் சந்தாவும் இருந்தால் கன்ஸ்டாரும் 2000-இல் வந்த 'சின் அண்ட் பனிஷ்மென்ட்'டும் அதிலேயே இருக்கின்றன. இரண்டாவது, ஜப்பானில் மட்டும் விற்ற நின்டெண்டோ 64 கேம், ஆனால் பேச்சு முழுக்க ஆங்கிலத்தில். அதை இருவராக ஆடும்போது ஒருவர் ஓட வேண்டும், இன்னொருவர் சுட வேண்டும். வீட்டில் தம்பி தங்கை இருந்தால் ஓடுகிற வேலையை அவர்களிடம் கொடுத்துவிடுங்கள்.