மாப்பிள்ளையோடு பேச்சு நின்று 14 மாதம்: வீட்டுக்குள் வந்த கட்சிச் சண்டையை எப்படித் தீர்ப்பது?

வடமதுரைக்காரன்

தங்கை வீட்டுக்காரரும் நானும் பேசி 14 மாதம் ஆகிறது. சொத்துத் தகராறு இல்லை, கொடுக்கல் வாங்கல் இல்லை. அவர் ஒரு கட்சி, நான் ஒரு கட்சி. (எது எது என்று கேட்காதீர்கள், திரி அந்தப் பக்கம் போய்விடும்.)

2024 தேர்தல் சமயம் குடும்ப வாட்ஸ்அப் குரூப்பில் எங்கள் தலைவரைக் கிண்டல் செய்து ஒரு மீம் போட்டார். நான் பதிலுக்கு இரண்டு போட்டேன். ராத்திரி பதினொன்றரைக்கு, "உங்க ஆளுங்களுக்கு குவார்ட்டரும் பிரியாணியும் கிடைச்சா போதும்" என்று எழுதினார். நான் அவர் அப்பாவை இழுத்து ஒன்று எழுதினேன். அடுத்த நிமிடம் அவர் குரூப்பிலிருந்து வெளியேறினார் என்று வந்தது. அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. என்ன வந்திருக்கிறது என்று தங்கையிடமே போனைக் காட்டிக் கேட்டிருக்கிறார்.

ஆவணியில் தங்கை மகளுக்குக் காதுகுத்து. பிள்ளை தாய்மாமன் மடியில்தான் உட்கார வேண்டும், அந்தத் தாய்மாமன் நான். பத்திரிகை வைக்கத் தங்கை மட்டும் வந்தாள். அவர் தெருமுனையில் வண்டியிலேயே உட்கார்ந்திருந்தார்.

எங்கள் அப்பா காலத்திலும் கட்சி இருந்ததே, ஏன் இப்போது மட்டும் இப்படி வெட்டிக்கொள்கிறோம்? யாராவது இதிலிருந்து மீண்டிருந்தால் சொல்லுங்கள்.

பழைய பூத் ஏஜென்ட்

தம்பி, உங்கள் அப்பா காலம் ஒன்றும் சொர்க்கம் இல்லை. பஞ்சர் கடை வைத்திருக்கிறேன், 1989-லிருந்து ஒரே கட்சிக்குப் பூத்தில் உட்காருகிறேன். அந்தப் பகையைப் பார்த்தவன்.

1972-ல் தி.மு.க.விலிருந்து எம்.ஜி.ஆரை நீக்கி, அவர் தனிக்கட்சி தொடங்கியதும் ஒரே வீட்டில் அண்ணன் அங்கே, தம்பி இங்கே என்று ஆனது. நேற்றுவரை ஒரே கொடி பிடித்தவர்கள், அதனால் பங்காளிச் சண்டை மாதிரிதான் இருந்தது. 1987 டிசம்பரில் எம்.ஜி.ஆர். மறைந்தபோது அண்ணா சாலையில் கலைஞர் சிலையை உடைத்தார்கள். 1989 மார்ச் 25-ல் சட்டசபைக்குள்ளேயே கைகலப்பு. அதற்கப்புறம் மேலே இருந்தவர்கள் முகம் கொடுத்துப் பேசியதாக எனக்கு நினைவில்லை. மேலே பேசாவிட்டால் கீழே வட்டம், கிளை எல்லாம் பேசப் பயப்படும். எதிர்க்கட்சிக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போனால் பதவி போய்விடும் என்று மொய்யை மட்டும் ஆள் மூலம் கொடுத்தனுப்பிய நிர்வாகிகள் உண்டு. அந்தக் கவரைக் கொண்டுபோன ஆள் நான்தான்.

நம் தேர்தல் கணக்கும் ஒரு காரணம். 1991-ல் தி.மு.க.வுக்கு 234-ல் 2 இடம். 1996-ல் அ.தி.மு.க.வுக்கு 4. இரண்டு தடவையும் தோற்ற கட்சிக்கு நூற்றுக்கு இருபதுக்கு மேல் ஓட்டு விழுந்திருந்தது. ஐந்தில் ஒருவர் போட்ட ஓட்டைச் சபையில் தேடினாலும் காணோம். தோற்றால் துடைத்துப் போட்டுவிடுவார்கள் என்று தெரிந்தால் எவன் நிதானமாக இருப்பான்? ஜெயித்தவர்களுக்கும் முந்தினவர் கட்டியதை மாற்றுவதில்தான் கண். 2010-ல் திறந்த ஓமந்தூரார் தோட்டத் தலைமைச் செயலகம் 2014-ல் ஆஸ்பத்திரி ஆனது ஊருக்கே தெரியும்.

ஆனால் அப்போது டீக்கடை இருந்தது. எங்கள் பேப்பர், அவர்கள் பேப்பர் இரண்டும் ஒரே பெஞ்சில் கிடக்கும். ஒருத்தன் உரக்கப் படிப்பான், மற்றவன் கத்துவான். கத்துவதற்காகவாவது எதிராளி சொல்வதைக் காதில் வாங்கியாக வேண்டும். 1993-ல் சன் டிவி, 1999-ல் ஜெயா டிவி, 2007-ல் கலைஞர் டிவி என்று வந்ததும் அவனவன் வீட்டில் அவனவன் செய்தி. இப்போது வீட்டுக்குள்ளேயே ஆளுக்கொரு போன்.

மாறாமல் இருப்பது பூத் மட்டும்தான். விடியற்காலை ஐந்தரைக்கு மாதிரி ஓட்டு. குறைந்தது 50 போட்டு, எண்ணிக் காட்டி, அதை அழித்துவிட்டு மெஷினுக்குச் சீல் வைப்பார்கள். சீல் தாளில் எல்லாக் கட்சி ஏஜென்ட்டும் கையெழுத்துப் போடுவோம். அப்புறம் பொழுது சாயும்வரை தொடை உரச ஒரே பெஞ்ச். 2011-ல் என் பக்கத்தில் உட்கார்ந்தவர், 1991-ல் சுவர் விளம்பரத் தகராறில் நான் கை நீட்டியவர். காலையில் வணக்கம்கூடச் சொல்லவில்லை. பத்தரை மணிவாக்கில் எங்கள் கட்சிப் பாட்டி ஒருவர் வந்தார். அட்டையில் போட்டோ அழிந்துபோய் ஆள் அடையாளம் தெரியவில்லை, அதிகாரி யோசித்தார். இந்த மனுஷன் தலையைத் தூக்கி, "எங்க தெருப் பாட்டிதான் சார், எனக்குத் தெரியும்" என்றார். அந்த ஓட்டு தனக்கு விழாது என்று அவருக்கு நன்றாகத் தெரியும். மத்தியானம் அவர் வீட்டுப் புளிசாதத்தில் பாதி எனக்கு வந்தது.

சாயங்காலம் மொத்த ஓட்டு எழுதிய 17சி படிவ நகல் ஆளுக்கொன்று தருவார்கள். பக்கத்தில் பக்கத்தில் வைத்து நம்பரைச் சரிபார்ப்போம். இரண்டும் ஒன்றாக இருந்தால்தான் இருவருக்கும் தூக்கம். இன்றுவரை அவர் அந்தக் கட்சி, நான் இந்தக் கட்சி. அவர் வண்டிக்குப் பஞ்சர் நான்தான் ஒட்டுகிறேன், காசு வாங்கிக்கொண்டுதான்.

மாப்பிள்ளையிடம் அரசியலைப் பேசித் தீர்க்கப் பார்க்காதீர்கள். அவர் இல்லாமல் நடக்காத வேலை ஒன்றைக் கொண்டுபோங்கள்.

கரூர் மருமகள்

அண்ணன் சொன்னதில் பாதி சரி. மேலே இருப்பவர்கள் பேசினால் கீழே தணியும் என்பதை நான் நம்பவில்லை. 2016-ல் ஜெயலலிதா பதவியேற்புக்கு ஸ்டாலின் போனார். பின்வரிசை கொடுத்தது சர்ச்சையானதும், அவமதிக்கும் எண்ணமில்லை என்று ஜெயலலிதா அறிக்கை விட்டார். 2021-ல் ஸ்டாலின் பதவியேற்புக்கு ஓ.பி.எஸ். வந்து பக்கத்தில் உட்கார்ந்து டீ குடித்தார். ஜெயலலிதா, எடப்பாடி படம் அச்சடித்த பள்ளிப் பைகளை அப்படியே கொடுக்கச் சொன்னதில் 13 கோடி மிச்சம் என்றார்கள். எல்லாம் நல்லதுதான். எங்கள் வீட்டு குரூப்பில் வசவு ஒரு வரிகூடக் குறையவில்லை.

சண்டை மூட்டும் மெசேஜில் முக்கால்வாசிக்கு மேலே இரட்டை அம்புக்குறி இருக்கும், "பலமுறை ஃபார்வர்டு செய்யப்பட்டது" என்று. எங்கள் வீட்டில் ஒருத்தரும் எழுதியதில்லை. முகம் தெரியாத யாரோ எழுதியதற்கு என் மாமனாரும் கொழுந்தனாரும் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துபோனார்கள். 2018-ல் ஒரு தடவைக்கு 5 சாட் என்று வாட்ஸ்அப் கட்டுப்படுத்தியது, 2020-ல் அதிகம் சுற்றியதை ஒரே சாட்டுக்குத்தான் அனுப்பலாம் என்றது. மாமனார் பொறுமையாக ஒவ்வொன்றாக அனுப்புகிறார், ரிட்டயர்டு ஆள்தானே. கடைசியில் அத்தைதான் ஒரு சட்டம் போட்டார்: அம்புக்குறி போட்டது குரூப்புக்கு வரக்கூடாது, திட்டுவதானால் சொந்தமாக டைப் செய்து திட்ட வேண்டும். மாமனாருக்குத் தமிழ் டைப்பிங் வராது. நிம்மதி.

ஆனால் வடமதுரை அண்ணா, மீம் வேறு, அவர் அப்பாவை இழுத்தது வேறு. அதற்கு வேலையைச் சாக்காக வைத்துச் சுற்றிப் போகாதீர்கள். நேராக மன்னிப்புக் கேளுங்கள். ஜாதியைச் சொல்லித் திட்டியிருந்தால் நான் இந்த யோசனையே சொல்லியிருக்க மாட்டேன், அதைக் கட்சிச் சண்டை கணக்கில் சேர்க்கவே கூடாது. இன்னொன்று, 14 மாதமாக இரண்டு பக்கமும் பேசிப் பேசித் தூது போவது உங்கள் தங்கை. அவரிடம் கேட்டீர்களா?

வடமதுரைக்காரன்

கேட்டேன். "இப்பவாச்சும் தோணுச்சே" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள், எனக்குத்தான் ஒரு மாதிரி ஆகிவிட்டது.

புதன்கிழமை போன் போட்டேன். அப்பாவைப் பற்றி எழுதியது தப்பு என்று முதலில் சொல்லிவிட்டேன். அவர் "ம்" என்றார். அப்புறம் விருந்துக்குக் கிடாய் பிடிக்க வேண்டும், எனக்கு ஆடு பார்க்கத் தெரியாது, வியாழக்கிழமை அய்யலூர் சந்தைக்குக் கூட வர முடியுமா என்றேன். நிஜமாகவே எனக்குத் தெரியாது, அவர் ஆடு வளர்ப்பவர். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. "நாலு மணிக்கே போகணும், லேட்டானா நல்லது போயிடும்" என்றார்.

போய் வந்தோம். வழியில் ஒரு வார்த்தை அரசியல் பேசவில்லை, திரும்பும்போது மழையைப் பற்றிப் பேசினோம். குரூப்பில் அவரைச் சேர்க்கவில்லை, அவரும் கேட்கவில்லை. கிடாய் விலைதான் கொஞ்சம் கூடிப்போச்சு.

பழைய பூத் ஏஜென்ட்

பல்லைப் பார்த்துத்தானே வாங்கினார்?

வடமதுரைக்காரன்

அவர் பார்த்தார். நான் கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.