சிகாகோ நகராட்சி தரும் மாதம் 500 டாலர்: நாங்கள் விண்ணப்பிக்கலாமா?

டெவன்தெரு_அம்மா
2022 ஏப்ரல் 27, இரவு 11.40

எல்லோருக்கும் வணக்கம். நாங்கள் சிகாகோவில் வெஸ்ட் ரிட்ஜ் பக்கம் பதினொரு வருஷமாக இருக்கிறோம். சொந்த ஊர் கோவில்பட்டி. வீட்டுக்காரர் டாக்ஸி ஓட்டுகிறார். நான் டெவன் அவென்யூவில் ஒரு மளிகைக் கடையில் வாரம் 24 மணி நேரம் கல்லாவில் நிற்கிறேன். பையன் ஒன்பதாம் வகுப்பு, பொண்ணு ஐந்தாம் வகுப்பு.

இந்தத் திங்கள்கிழமையிலிருந்து நகராட்சி ஒரு திட்டத்துக்கு விண்ணப்பம் வாங்குகிறது. 5,000 குடும்பங்களுக்கு மாதம் 500 டாலர், 12 மாதத்துக்கு. எதற்குச் செலவழித்தோம் என்று கணக்குக் கேட்க மாட்டார்களாம். மே 13 கடைசி நாள். கடைக்கு வந்த ஒரு அக்காதான் போனில் காட்டினார்கள்.

2020 மார்ச்சில் எங்கள் வீட்டில் என்ன நடந்தது என்று சொன்னால்தான் நான் ஏன் கேட்கிறேன் என்பது புரியும். ஓஹேர் விமான நிலையத்தில் டாக்ஸிகளை நிறுத்திவைக்கும் இடத்தில் எட்டு மணி நேரம் காத்துக் கிடந்து, ஒரே ஒரு சவாரியோடு வீட்டுக்கு வருவார். ஒரு நாள் காலையில் கட்டிக் கொடுத்த எலுமிச்சைச் சோறு அப்படியே திரும்பி வந்தது. ஏன் சாப்பிடவில்லை என்று கேட்டேன். "சம்பாதிக்காத அன்னைக்கு எப்படித் தொண்டையில இறங்கும்" என்றார். இப்போது சவாரி கொஞ்சம் வருகிறது. ஆனால் அந்த ஒன்றரை வருஷத்தில் ஏறிய கடன் இறங்கவில்லை. கேஸ் பில் பாக்கியே 640 டாலர். பையனுக்குக் கண்ணாடி பவர் மாறி ஒரு வருஷம் ஆகிறது, பழையதையே போட்டுக்கொண்டு முதல் பெஞ்சில் உட்காருகிறான்.

போன வருஷ வரிக் கணக்கில் அவருக்குச் செலவு போக 31,000 டாலர், எனக்கு 16,000 டாலர். இருவருக்கும் கிரீன் கார்டு இருக்கிறது. குடியுரிமைக்குப் போட வேண்டும். பிள்ளைகளுக்காக லிங்க் கார்டில் கொஞ்சம் உணவுப் பணம் வருகிறது.

இந்தப் பணம் வாங்கினால் குடியுரிமைக்கு இடைஞ்சல் வருமா? லிங்க் கார்டை நிறுத்திவிடுவார்களா? எங்களுக்கு வரிக் கணக்குப் போட்டுக் கொடுக்கும் ஒருவர், 75 டாலர் கொடுத்தால் தானே விண்ணப்பம் போட்டு "கிடைக்கிற மாதிரி" செய்து தருவதாகச் சொல்கிறார். கொடுக்கலாமா?

கடைசியாக ஒன்று. வீட்டுக்காரருக்கு இதில் இஷ்டமே இல்லை. "எங்கம்மா தீப்பெட்டி ஆபீஸுக்குப் போய் மூணு பிள்ளைகளை வளத்தா. அவகூட எந்தக் கஞ்சித் தொட்டிக்கும் தூக்குவாளியோட போய் நின்னதில்ல" என்கிறார். அவர் மனசு நோகாமல் இதை எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை.

—

நூலக_மேசை
2022 ஏப்ரல் 28, காலை 7.15

அக்கா, முதலில் அந்த 75 டாலரைக் கொடுக்காதீர்கள். விண்ணப்பத்துக்கு ஒரு காசு கட்டணம் கிடையாது. தகுதி உள்ளவர்களிலிருந்து குலுக்கல் போட்டுத்தான் எடுக்கிறார்கள். கிடைக்கிற மாதிரி செய்து தர யாராலும் முடியாது. அதைவிட, உங்கள் அடையாள அட்டை, வங்கி விவரம் எல்லாம் இன்னொருவர் கைக்குப் போகும். அவர் தன் மின்னஞ்சலைப் போட்டு அனுப்பிவிட்டால், தேர்வானாலும் தகவல் உங்களுக்கு வராது. நான் சனிக்கிழமைகளில் ஆட்களுக்குப் படிவம் நிரப்ப உதவுகிறேன். வேறொரு உதவித்தொகை விஷயத்தில் இப்படி ஏமாந்த ஒரு பெரியம்மாவை என் கண்ணால் பார்த்தேன். அதனால்தான் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன்.

வருமான வரம்பு, வறுமைக்கோட்டைப் போல இரண்டரை மடங்கு. மூன்று பேர் வீட்டுக்கு 57,575 டாலர், நான்கு பேர் வீட்டுக்கு 69,375 டாலர். உங்கள் இருவர் வருமானமும் சேர்ந்து 47,000. தாராளமாக உள்ளே வருகிறீர்கள். 18 வயது நிரம்பியிருக்க வேண்டும், சிகாகோ நகர எல்லைக்குள் குடியிருக்க வேண்டும், கோவிட் காலத்தில் பணக் கஷ்டம் பட்டிருக்க வேண்டும். அந்த எலுமிச்சைச் சோற்றுக்கு மேல் என்ன அத்தாட்சி வேண்டும் அக்கா.

குடியுரிமை பற்றி. இந்தத் திட்டத்தில் குடியேற்ற நிலை ஒரு தடையே இல்லை, யாரும் போடலாம். அரசுக்குப் பாரமாக இருப்பாரா என்று பார்க்கும் சோதனை கிரீன் கார்டு கேட்கும் இடத்தில்தான் வரும். கிரீன் கார்டு வைத்திருப்பவர் குடியுரிமைக்குப் போடும்போது அந்தச் சோதனை கிடையாது. இதைப் படிக்கும் வேறு யாராவது கிரீன் கார்டுக்காகக் காத்திருந்தால், அவர்கள் மட்டும் குடியேற்ற வழக்கறிஞர் ஒருவரிடம் கேட்டுவிட்டுப் போடட்டும்.

லிங்க் கார்டு: இல்லினாயில் 2019இல் ஒரு சட்டம் வந்தது. வறுமையைக் குறைக்க என்ன வழி என்று ஆராயும் இப்படிப்பட்ட திட்டங்களில் வரும் பணத்தை, 60 மாதம் வரை மாநில உதவிகளுக்கான வருமானக் கணக்கில் சேர்க்கக்கூடாது என்கிறது அது. சிகாகோ பல்கலைக்கழகம் இந்தத் திட்டத்தை ஆய்வு செய்கிறது. ஆனால் வீட்டில் யாராவது எஸ்எஸ்ஐ (வருமானம் குறைந்த முதியவர்களுக்கும் உடல் இயலாதவர்களுக்கும் மாதாமாதம் வரும் உதவித்தொகை) வாங்கினால் விஷயம் வேறு. அது மத்திய அரசின் பணம், நகராட்சி அதற்கு விலக்குக் கொடுக்க முடியாது. உங்கள் வீட்டில் இல்லை என்று நினைக்கிறேன்.

படம் உள்ள அடையாள அட்டை, முகவரி உள்ள பில், 2021 வரிக் கணக்கின் முதல் பக்கம், மூன்றையும் பகல் வெளிச்சத்தில் நான்கு மூலையும் தெரியும்படி படம் பிடியுங்கள். ஒரு வீட்டுக்கு ஒரு விண்ணப்பம்தான். நீங்களும் அண்ணனும் தனித்தனியாகப் போட்டுவிட வேண்டாம். போனில் சிரமமாக இருந்தால் வெஸ்டர்ன் அவென்யூவில் நார்த்டவுன் நூலகத்துக்குப் போங்கள், கணினி இருக்கிறது.

அண்ணனிடம் ஒன்று சொல்லுங்கள். இந்த 3 கோடியே 15 லட்சம் டாலரும் மத்திய அரசு கோவிட் மீட்புக்காக நகரங்களுக்குக் கொடுத்த நிதியிலிருந்து வருகிறது. அது வரிப் பணம். பதினொரு வருஷமாக அவரும் கட்டியிருக்கிறார்.

—

ஹமில்ரன்_அக்கா
2022 ஏப்ரல் 28, இரவு 9.02

தங்கச்சி, நான் சிகாகோ இல்லை, கனடா. இஞ்ச ஒன்ராறியோவில 2017இல அடிப்படை வருமானம் எண்டு ஒரு பரீட்சார்த்தத் திட்டம் தொடங்கினது. ஹமில்ரன், பிரான்ற்ஃபோர்ட், தண்டர் பே, லின்ட்சே பக்கங்களில 4,000 பேரை எடுத்தவை. நானும் அதில ஒராள். தனி ஆளுக்கு வருசம் 16,989 டொலர். உழைக்கிற காசில அரைவாசியை அதில கழிச்சுப்போட்டு மிச்சம் தருவினம். நான் முதியோர் இல்லத்தில துப்பரவு வேலை செய்து வருசம் 12,000 எடுத்தனான். அதில பாதி 6,000 கழிய 10,989, மாதத்துக்குக் கிட்டத்தட்ட 915.

அந்தக் காசில நான் முதல் செய்தது பல்லுக் கட்டினது. ஆறு வருசமா வாயைப் பொத்திக்கொண்டு சிரிச்சனான். பிறகு ஆக்களைப் பராமரிக்கிற படிப்புக்குப் பதிஞ்சன். இண்டைக்கும் அந்த வேலைதான் செய்யிறன்.

ஆனா ஒண்டு கவனம். மூண்டு வருசம் எண்டு தொடங்கின திட்டம். 2018 யூலை 31 அண்டு நிப்பாட்டப் போறம் எண்டு அறிவிச்சாச்சு. 2019 மார்ச்சோட காசு நிண்டது. நான் மூண்டு வருசத்தை நம்பிக் கூடின வாடகைக்கு வீடு மாறியிருந்தன். அந்த ஒப்பந்தத்தில இருந்து கழர நான் பட்ட பாடு கொஞ்சமில்லை. ஆனபடியால் கட்டாயம் போடுங்கோ. கிடைச்சால் பழைய கடனை அடையுங்கோ, மகனுக்குக் கண்ணாடி வாங்குங்கோ. மாதாமாதம் கட்டவேண்டிய புதுச் சுமை ஒண்டும் எடுக்காதேங்கோ.

—

ஓய்வுபெற்ற_பொறியாளர்
2022 ஏப்ரல் 29, காலை 6.30

அம்மா, உங்கள் குடும்பத்தைக் குறை சொல்ல வரவில்லை. உழைக்கும் குடும்பம் என்பது எழுத்திலேயே தெரிகிறது. ஆனால் பொதுவாக எனக்கொரு கவலை உண்டு. வேலை செய்யாமலே மாதாமாதம் பணம் வந்தால் மனிதன் வேலைக்குப் போவானா? நல்ல எண்ணத்தில் தொடங்கி, ஆட்களைச் சோம்பேறியாக்கிவிட்டால்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள், கேட்டுக்கொள்கிறேன்.

—

டெவன்தெரு_அம்மா
2022 ஏப்ரல் 29, இரவு 10.55

ஐயா, எங்கள் வாடகை 1,350 டாலர். ஐந்நூறு டாலரில் அதில் பாதிகூட வராது. அதை நம்பி வேலையை விட எந்த வீட்டிலும் முடியாது. எனக்கு அந்த ஐந்நூறு என்னவென்றால், பொண்ணுக்குக் காய்ச்சல் வந்த அன்று கடைக்கு லீவு சொல்ல முடியும். போன பிப்ரவரியில் அவளை 101 டிகிரியோடு அவள் அண்ணனிடம் விட்டுவிட்டுக் கல்லாவுக்குப் போனேன். அன்றைக்கு முழுக்க எத்தனை பேருக்குச் சில்லறை தப்பாகக் கொடுத்தேனோ தெரியாது.

தம்பி, ஹமில்ரன் அக்கா, நீங்கள் எழுதியதை இரண்டு தடவை படித்தேன். அந்த வரிக் கணக்குக்காரரிடம் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.

—

நூலக_மேசை
2022 ஏப்ரல் 30, மாலை 4.20

ஐயா கேட்டதற்குக் கலிபோர்னியாவில் ஸ்டாக்டன் நகரத்தின் விவரம் இருக்கிறது. மேயர் மைக்கேல் டப்ஸ் இருந்தபோது 2019 பிப்ரவரியில் தொடங்கியது. 125 பேருக்கு மாதம் 500 டாலர், இரண்டு வருஷம். தொடங்கும்போது அவர்களில் முழுநேர வேலையில் இருந்தவர்கள் 28 சதவீதம். ஒரு வருஷம் கழித்து 40 சதவீதம். பணம் வாங்காத ஒப்பீட்டுக் குழுவில் அது 32இலிருந்து 37தான் ஆனது. மதுவுக்கும் புகையிலைக்கும் போனது ஒரு சதவீதத்துக்கும் குறைவு.

சிறிய ஊர், சிறிய குழு, கோவிட்டுக்கு முந்தைய ஒரு வருஷம். இதை வைத்து எல்லா ஊருக்கும் தீர்ப்பு எழுதிவிட முடியாது. ஆனால் பணம் வந்தவுடன் வேலையை விட்டு ஓடினார்கள் என்பது அங்கே நடக்கவில்லை. ஒரு நாள் கூலியை விட்டு நேர்காணலுக்குப் போகவே கையில் கொஞ்சம் காசு வேண்டும் ஐயா.

—

ஓய்வுபெற்ற_பொறியாளர்
2022 மே 1, காலை 6.10

28 எப்படி 40 ஆனது என்று எனக்குப் புரியாமல் இருந்தது. உங்கள் கடைசி வரியில் புரிந்தது. நன்றி. அம்மா, விண்ணப்பத்தைத் தள்ளிப்போடாதீர்கள்.

—

டெவன்தெரு_அம்மா
2022 மே 12, இரவு 12.20

போட்டுவிட்டேன். நார்த்டவுன் நூலகத்தில் உட்கார்ந்து என் பெயரில் போட்டேன். முக்கால் மணி நேரம் ஆனது, அதில் பாதி நேரம் வரிக் கணக்குப் படம் தெளிவாக ஏறவில்லை. வீட்டுக்காரர் கூட வந்தார், ஆனால் உள்ளே வரவில்லை. காரிலேயே உட்கார்ந்திருந்தார். பரவாயில்லை, கொண்டுவந்து விட்டாரே.

—

டெவன்தெரு_அம்மா
2022 ஜூலை 9, இரவு 11.05

கிடைக்கவில்லை. மின்னஞ்சல் வந்த அன்று மனசு ஒடிந்துதான் போனது, மறைக்க விரும்பவில்லை. கண்ணாடி, கேஸ் பாக்கி என்று காலண்டர் தாளின் பின்பக்கம் எழுதி வைத்திருந்தேன். அதை மடித்து அரிசி டப்பாவுக்கு அடியில் வைத்துவிட்டேன்.

ஆனால் இதை எழுத வந்தது வேறொன்றுக்காக. 5,000 இடத்துக்கு 1,76,000 விண்ணப்பங்களுக்கு மேல் வந்ததாம். முப்பத்தைந்து பேருக்கு ஒருவர் என்ற கணக்கு. செய்தியை வீட்டுக்காரருக்குப் படித்துக் காட்டினேன். எண்ணை மறுபடி சொல்லச் சொன்னார். கொஞ்ச நேரம் சும்மா இருந்தார். "ஓஹேர்ல எனக்கு முன்னாலயும் பின்னாலயும் நின்னவனுங்க எல்லாரும் போட்டிருப்பானுங்க போல" என்றார். அதன் பிறகு கஞ்சித் தொட்டி என்ற வார்த்தை எங்கள் வீட்டில் வரவில்லை.

—

நூலக_மேசை
2022 செப்டம்பர் 30, இரவு 8.45

அக்கா, மறுபடி ஒரு வாய்ப்பு. இந்தத் தடவை நகராட்சி இல்லை, சிகாகோவும் சுற்றியுள்ள ஊர்களும் அடங்கிய மாவட்டமான குக் கவுன்ட்டி. 3,250 குடும்பங்கள், மாதம் 500 டாலர், இரண்டு வருஷம். அக்டோபர் 6 முதல் 21 வரை விண்ணப்பம். வருமான வரம்பு அதே இரண்டரை மடங்குதான். சிகாகோவுக்குள் இருப்பவர்களும் போடலாம். நகராட்சித் திட்டத்தில் பணம் வாங்குபவர்கள்தான் போட முடியாது. கூட்டம் அதிகமாக இருக்கும், ஆனால் முதல் நாள் போட்டாலும் கடைசி நாள் போட்டாலும் குலுக்கலில் ஒன்றுதான்.

—

டெவன்தெரு_அம்மா
2022 அக்டோபர் 6, மதியம் 1.30

தம்பி, கடையில் இடைவேளையில் எழுதுகிறேன். போட்டாயிற்று. இந்தத் தடவை அவர் பெயரில், வீட்டிலேயே. காலையில் ஷிப்டுக்குப் போகாமல் சமையல் மேடையில் போனை வைத்துக்கொண்டு அவரே ஒவ்வொரு கேள்வியாகப் படித்தார். முகவரிக்கு எந்தப் பில் என்று கேட்டது. அவர் பெயரில் இருப்பது கேஸ் பில் மட்டும்தான், பாக்கி இப்போது 410. அந்தத் தொகையும் படத்தில் விழுமே என்று நான் தயங்கினேன். "இருக்கட்டும், உள்ளதுதானே" என்று ஜன்னல் பக்கம் கொண்டுபோய், நீங்கள் சொன்ன மாதிரி நான்கு மூலையும் தெரியப் படம் பிடித்தார்.

ஒரு சந்தேகம் மட்டும் பாக்கி. விண்ணப்பம் அவர் பெயரில், வங்கிக் கணக்கு எங்கள் இருவர் பெயரில். தேர்வானால் பணம் அதிலேயே வாங்கிக்கொள்ளலாமா, இல்லை தனிக் கணக்கு தொடங்க வேண்டுமா?